ஐம்பதில் பன்னிரண்டு

எங்கள் தெருக் குழாயில் தண்ணீர் காலை ஆறு மணிக்கு வரும். சேதி ஐந்தரைக்கே வந்துவிடும். மட்டாஞ்சேரிக்கு வாக்கப்பட்டு வந்து இருபத்திரண்டு வருஷம் ஆகிறது, நான் ஒரு நாளும் ஐந்தரையைத் தவறவிட்டதில்லை. யார் வீட்டுக்குப் பெண் பார்க்க வந்தவர்கள் சாயாவைத் தொடாமல் போனார்கள், எந்தச் சரக்குக் கிட்டங்கிக்காரர் மனைவியோடு பேசி எத்தனை நாளாயிற்று, எல்லாம் என் குடம் கழுத்து மட்டும் நிறைவதற்குள் தெரிந்துவிடும். இதை யாரும் குற்றமென்று சொல்ல முடியாது. காது கடவுள் கொடுத்தது.

வாஞ்சிநாதன் சார், படகு நின்றுபோனதை விசாரிக்க வந்த நீங்கள் அந்தக் கேபிளை மேஜைமேல் வைத்துவிட்டு, "இந்த லக்கோட கழுத்தில என்னமோ செகப்பா இருக்கே, இது என்னதும்மா?" என்று கேட்டீர்கள். அதற்குத்தான் பதில் சொல்கிறேன். குழாயடியிலிருந்து தொடங்கினால்தான் அது புரியும். எழுதிக்கொள்வதானால் எழுதிக்கொள்ளுங்கள். பட்டறை ஆட்கள் சாப்பாடு முடிந்து வர இன்னும் முக்கால் மணி நேரம் இருக்கிறது.

ராமபத்ரன் சார் இந்தப் பட்டறையை அறுபத்தொன்றில் ஆரம்பித்தார். அதற்கு முன்னால் படகு எஞ்சினுக்கான பேட்டரிக் கேபிளை எல்லாரும் ஈயம் காய்ச்சித்தான் ஒட்டினார்கள். இவர் பம்பாயிலிருந்து ஒரு கைப்பிரெஸ் வாங்கி வந்தார். செம்புக் கம்பியை லக்கின், அதாவது பேட்டரியில் மாட்டுகிற முனைத்துண்டின், கழுத்துக்குள் நுழைத்து, பிரெஸ்ஸில் வைத்து ஒரே அமுக்கு. கழுத்து கம்பியை இறுகப் பிடித்துக்கொள்ளும். தீயும் வேண்டாம், ஈயமும் வேண்டாம். கிரிம்பிங் என்று அதற்குப் பெயர் சொன்னார். சுக்கு மூட்டை தூக்குகிறவர்கள் வாசலில் நின்று வேடிக்கை பார்த்துவிட்டு, நசுக்கி வைத்தால் நிற்குமா என்று சிரித்துக்கொண்டு போனார்கள்.

நிற்குமா என்று பார்ப்பதுதான் என் வேலை. கணவர் போன பிறகு ராமபத்ரன் சார் என்னைக் கூப்பிட்டு இந்த மேஜையில் உட்காரவைத்தார். கொப்பரைக் கிட்டங்கியில் கழித்துப்போட்ட பழைய தராசுத் தண்டு ஒன்றைக் கூரையிலிருந்து கட்டியிருக்கிறாரே, அதோ, அதுதான் பரிசோதனை யந்திரம். அந்த முனையில் நான் ஒரு கிலோ வைத்தால் இந்த முனையில் கேபிள் பத்துக் கிலோ தாங்க வேண்டும். படகு கட்டுகிறவர்கள் அனுப்பிய விதிகள் இங்கிலீஷில் இருந்தன. சார் தமிழில் சொல்லச் சொல்ல, நான் சுவரில் கரியால் எழுதிக்கொண்டேன். இப்போதும் இருக்கிறது, பாருங்கள். ஐம்பதுக்கு ஐந்து. ஒரு நிமிஷம். கோடு உடையக் கூடாது. தொங்கியதை வெட்டு.

கோடு என்பது இந்தச் சிவப்புப் பெயிண்ட். எடுத்த ஐந்து கேபிளிலும், கம்பி கழுத்துக்குள் நுழைகிற இடத்தில், பாதி கழுத்தின்மேலும் பாதி கம்பியின்மேலுமாக ஒரு கோடு இழுப்பேன். எடையைத் தொங்கவிட்டு அறுபது எண்ணுவேன். கம்பி கழுத்திலிருந்து ஒரு நூல் அளவு நழுவினாலும் கோடு இரண்டாக உடைந்து காட்டிக்கொடுத்துவிடும். உடைந்தால் அந்த ஐம்பதுமே தள்ளுபடி. உடையாவிட்டாலும், தொங்கிய ஐந்தை வெட்டிக் குப்பைப் பெட்டியில் போட வேண்டும். நல்ல உருப்படியை ஏன் வெட்ட வேண்டும் என்று ஒருமுறை கேட்டேன். "பரீட்சை எழுதின காயிதத்திலேயே மறுபடியும் பரீட்சை எழுத முடியுமோ சீனியம்மா? இழுபட்டது இழுபட்டதுதான். வெளியில தெரியாது, உள்ள தெரியும்" என்றார் சார். எனக்கு அந்தப் பேச்சு பிடித்துப் போய்விட்டது. பலரைப் பற்றியும் அதைச் சொல்லலாம் என்று நினைத்துக்கொண்டேன்.

ஆக, சிவப்புக் கோடு பட்ட கேபிள் எதுவும் இந்தப் பட்டறை வாசலைத் தாண்டக் கூடாது. உங்கள் கையிலிருப்பது தாண்டியிருக்கிறது. நல்ல கண் உங்களுக்கு.

பிரெஸ்ஸில் இருந்தவன் மொய்து. கொஞ்சம் ஒடிசலான ஆள், பேச்சு குறைவு. அவனும் மனைவி ஜொஹரா பீவியும் எனக்கு மூன்று வீடு தள்ளித்தான் இருந்தார்கள். நான் இங்கே உட்கார்ந்த முதல் மூன்று வருஷத்தில் அவன் அமுக்கியதில் ஒரு கோடுகூட உடைந்ததில்லை. பட்டறையில் ஒரு வழக்கம் உண்டு, சார் வைத்தது. பரிசோதனைக்கான ஐந்தை நான் எடுக்கக் கூடாது, அமுக்கியவனே எடுக்க வேண்டும். முகத்தைச் சுவர்ப் பக்கம் திருப்பிக்கொண்டு, இடது கையைச் சாக்குக்குள் விட்டு எடுக்க வேண்டும். நான் எடுத்தால் வேண்டுமென்றே மோசமானதை எடுத்தேன் என்று அவன் சொல்லுவான், அவன் பார்த்து எடுத்தால் நல்லதாக எடுத்தான் என்று நான் சொல்லுவேன். இரண்டு பேர் வாயையும் சார் இப்படி அடைத்துவிட்டார்.

அறுபத்துநாலு பிப்ரவரியில் ஒரு நாள் மொய்து சாயா கிளாஸைக் கீழே போட்டான். இது நடந்தது. நான் கண்ணால் பார்த்தேன். மறுநாள் குழாயடியில், பேச்சுக்குப் பேச்சாக, "மொய்துவுக்குக் கை நடுங்குது போலிருக்கு" என்றேன். ‘போலிருக்கு’ என்று நான் சொன்னதை நீங்கள் குறித்துக்கொள்ள வேண்டும். குழாயடியில் அந்தச் சொல் தங்கவில்லை. மத்தியானத்துக்குள் கை நடுங்குகிறது என்று ஆயிற்று, சாயங்காலத்துக்குள் ஏதோ வியாதி என்று ஆயிற்று, வாரம் முடிவதற்குள் படகுக்காரர் ஒருவர் ராமபத்ரன் சாரிடமே வந்து, உங்கள் ஆளுக்கு வாதமாமே என்று கேட்டுவிட்டார்.

மொய்து என்னிடம் சண்டைக்கு வரவில்லை. வந்திருந்தால் எனக்குச் சௌகரியமாக இருந்திருக்கும். இதே மேஜைக்கு முன்னால் வந்து நின்றான்.

"சீனியக்கா, கிளாஸ் சுட்டுச்சு. அத்ரதான். வேற ஒண்ணுமில்ல."

"நான் என்னப்பா சொன்னேன், போலிருக்குன்னுதானே சொன்னேன்."

"அதையே நாளைக்குப் பைப்பு பக்கத்துல சொல்லிருங்க. கிளாஸ் சுட்டுச்சாம், கை நல்லாத்தான் இருக்காம்னு. நீங்க சொன்னா எல்லாரும் கேப்பாங்க."

இதுதான் சிக்கல். நான் சொன்னால் எல்லாரும் கேட்பார்கள். இந்தத் தெருவில் எனக்கென்று வீடு இல்லை, பிள்ளை இல்லை, நகை இல்லை. என் சொல் இருந்தது. மைதீன் கடைக்குப் பூட்டு விழப் போகிறது என்று ஆறு மாதம் முன்னால் சொன்னேன், விழுந்தது. கமலாக்ஷியின் மருமகன் திரும்பி வரமாட்டான் என்றேன், வரவில்லை. சீனியம்மாள் சொன்னால் நடக்கும் என்று ஒரு பெயர். அதைக் கொண்டுபோய், நான் சொன்னது தப்பு, ஒரு கிளாஸ் சுட்டதைப் பார்த்து உளறினேன் என்று எப்படிச் சொல்வது? ஒருமுறை திருப்பி எடுத்தால், அப்புறம் குழாயடியில் என் பேச்சுக்குக் காது இருக்காது, குடத்தை மட்டும் நிரப்பிக்கொண்டு வர வேண்டும்.

நான் சொல்லவில்லை. மொய்து இரண்டு வாரம் பொறுத்துவிட்டு நேரே ராமபத்ரன் சாரிடம் போனான். அடுத்து அமுக்கும் ஐம்பதிலிருந்து ஐந்தை எல்லார் முன்னிலையிலும் தொங்கவிட வேண்டும் என்றான். ஒரு கோடு உடைந்தாலும் அவனே வேலையை விட்டுப் போய்விடுகிறான். உடையாவிட்டால் சீனியக்கா குழாயடியில் வாய் திறந்து சொல்ல வேண்டும். சாருக்கு அது நியாயமாகப் பட்டது. "சனிக்கிழமை பார்த்துடலாம். சீனியம்மா, உங்களுக்குச் சம்மதம்தானே?" என்றார். சம்மதம் என்றேன். வேறு என்ன சொல்வது?

முந்தின நாள் வெள்ளிக்கிழமை. மொய்து தொழுகைக்குப் போய்விட்டான், மற்றவர்கள் சாப்பிடப் போய்விட்டார்கள். இதே நேரம்தான், இதே சுக்கு வாசனை. ஐம்பது கேபிளும் சாக்கில் இருந்தன. நான் ஒன்றை எடுத்துக் கோடு இழுத்து, பெயிண்ட் காய்ந்ததும் தண்டில் மாட்டி, விதியில் உள்ளதைப்போல இரண்டு மடங்கு எடை வைத்தேன். அறுபது எண்ணினேன், கோடு அசையவில்லை. அவன் கை அப்படி. இரண்டரை மடங்கு வைத்தேன். நூறை எண்ணும்போது கோடு மெல்ல, மயிரிழை போல, உடைந்தது. அவ்வளவுதான் எனக்கு வேண்டியிருந்தது. எடையை இறக்கி, மண்ணெண்ணெய்த் துணியால் கோட்டைத் துடைத்து, கேபிளைச் சாக்கில் போட்டேன். பார்த்தால் எதுவும் தெரியாது. ஆனால் நாளைக்கு அதைத் தொங்கவிட்டால் பாதி எடைக்கே நழுவும்.

ஒன்று போதாது என்று எனக்குத் தெரியும். அவன் சுவரைப் பார்த்துக்கொண்டு எதை எடுப்பான் என்று யார் கண்டது? கோடுகளைக் கூட்டாக இழுத்துக் காயவைத்துக்கொண்டு ஒவ்வொன்றாக மாட்டினேன். ஆட்கள் திரும்புவதற்குள் பன்னிரண்டு முடிந்தது. ஐம்பதில் பன்னிரண்டு. ஐந்து எடுத்தால் ஒன்றாவது அகப்படும் என்று கணக்குப் போட்டேன்.

அன்றைக்கு என் மனதில் என்ன இருந்தது என்பதையும் சொல்லிவிடுகிறேன். மேஜைமேல் ஒரு கோடு உடையும். ஐம்பதும் தள்ளுபடியாகி வெட்டுப்படும். கடலுக்கு ஒன்றும் போகாது, யாருக்கும் ஒரு கீறல் விழாது. மொய்துவுக்கு வேலை போகும், அது உண்மை. கைத்தொழில் தெரிந்தவன், இன்னொரு இடத்தில் சேர்ந்துகொள்வான். இப்படி நினைத்தேன். இதில் பெரிய பாவம் எதுவும் எனக்குத் தெரியவில்லை.

சனிக்கிழமை எல்லாரும் சுற்றி நின்றார்கள். மொய்து சுவரைப் பார்த்துத் திரும்பி இடது கையைச் சாக்குக்குள் விட்டான். ஒவ்வொன்றாக ஐந்து எடுத்தான். நான் கோடு இழுத்தேன், மாட்டினேன், எடை வைத்தேன், அறுபது எண்ணினேன். முதலாவது உடையவில்லை. இரண்டாவது உடையவில்லை. மூன்றாவதுக்கு என் குரல் கொஞ்சம் இறங்கிவிட்டதாம், சத்தமாய் எண்ணும்மா என்றார் சார். நாலாவதும் உடையவில்லை. ஐந்தாவதுக்கு அறுபதைத் தாண்டி எழுபதுவரை எண்ணினேன். மொய்துவே சிரித்துவிட்டான். "அக்கா, நாளைக்கு வரைக்கும் எண்ணினாலும் அது அங்கேயேதான் நிக்கும்" என்றான்.

பன்னிரண்டில் ஒன்றைக்கூட அவன் கை தொடவில்லை.

சார் எல்லாருக்கும் சாயாவும் பழம்பொரியும் வரவழைத்தார். சாக்கிலிருந்த நாற்பத்தைந்தும் ஐந்து மணி வண்டிக்குப் போக வேண்டும், தேறியது என்று நான் கையெழுத்துப் போட வேண்டும். அப்போது மணி மூன்று. இரண்டு மணி நேரம் இருந்தது, வாஞ்சிநாதன் சார். இதை நான் குறைத்துச் சொல்லப் போவதில்லை. வாயைத் திறந்திருக்கலாம். வாய் கூசினால் சாக்கின்மேல் மண்ணெண்ணெயைக் கவிழ்த்துவிட்டு, கை தவறிவிட்டது என்றிருக்கலாம். எனக்குக் கை நடுங்குகிறது என்று அவர்கள் பேசியிருப்பார்கள், அவ்வளவுதான். நான் பழம்பொரி சாப்பிட்டேன். கையெழுத்துப் போட்டேன்.

மறுநாள் குழாயடியில் எல்லாரும் என் முகத்தையே பார்த்தார்கள். ஜொஹரா பீவி குடத்தோடு ஓரமாக நின்றாள். கொடுத்த வாக்குப்படி சொன்னேன்: "அஞ்சும் நின்னுச்சு." அவள் முகம் மலர்ந்தது. அங்கேயே நிறுத்தியிருக்க வேண்டும். "மீதி நாப்பத்தஞ்சை யாரு பார்த்தா?" என்றும் சொல்லிவைத்தேன்.

சங்கிலிப்பாண்டியைப் பற்றிச் சொல்ல வேண்டும். தூத்துக்குடிப் பக்கத்துப் பையன், விசைப்படகில் எஞ்சின் டிரைவர், என் வீட்டுப் பின்கட்டில் மனைவி பாக்கியலக்ஷ்மியோடு குடியிருந்தான். கரைக்கு வரும்போதெல்லாம் எனக்கென்று பத்து மத்தி காகிதத்தில் பொதிந்து கொண்டுவருவான். தெருச் சேதி கேட்பதில் அவனுக்கு அலாதி ருசி. "எக்கா, ஒரு வாரமா கடலைத் தவிர ஒண்ணும் தெரியல. யாரு யாரை விட்டுட்டுப் போனா, சொல்லுங்க" என்று உட்கார்ந்துவிடுவான். ஏப்ரல் மாதம் அப்படி உட்கார்ந்தவன், "படகுக்குப் புது கேபிள் போட்டாச்சுக்கா. உங்க பட்டறைச் சரக்கு. ஒரே சுண்டுல எஞ்சின் எந்திரிக்கி" என்றான்.

நான் மத்தியைக் கழுவிக்கொண்டிருந்தேன். நாற்பத்தைந்தில் முப்பத்துமூன்று நல்லவை. அவனுடையது நல்லதாகத்தான் இருக்கும். அப்படித்தான் கணக்கு சொன்னது. "ஒழுங்கா முடுக்கியிருக்கானான்னு அப்பப்போ பாத்துக்கோ" என்றேன். அவ்வளவு சொன்னேன். அவனும் சரி என்றான்.

ஜூன் முதல் வாரம் மழை பிடித்துக்கொண்டது. காயல் கடலோடு சேரும் அழிமுகத்தில், அலைக்கு நடுவில், அவன் படகின் எஞ்சின் நின்றது. திரும்பக் கிளப்பப் பார்த்திருக்கிறான். பேட்டரியில் சத்து இருந்தது, கேபிள்தான் லக்கின் கழுத்திலிருந்து உருவிக்கொண்டு வந்துவிட்டது. பட்டப்பகல், பத்து மணி. வைப்பின் தீவுக் கரையில் நின்றவர்கள் அவன் குனிந்து குனிந்து எழுவதைப் பார்த்ததாகச் சொன்னார்கள். படகு பக்கவாட்டில் திரும்பிக் கவிழ்ந்தது. அவனும் வைப்பின்காரர் ஒருவரும் போய்விட்டார்கள்.

விசாரணைக்குப் படகு கட்டுகிறவர்கள் இங்கேயே வந்தார்கள். கரையில் ஒதுங்கிய படகிலிருந்து கழற்றிய கேபிள் ஒவ்வொருவர் கையாக வந்தது. மொய்து வெகுநேரம் பார்த்தான். "அமுக்கு என்னோடதுதான். ஆனா இது எங்கேயோ இழுபட்டிருக்கு. தன்னால நழுவினது இல்ல இது" என்றான். "கடல் இழுத்திருக்கும்" என்று நான் சொன்னேன். பிறகு அது என் கைக்கு வந்தது. கழுத்து விளிம்பில், ஒரு கடுகளவு, சிவப்பு இருந்தது. மண்ணெண்ணெய்த் துணிக்குத் தப்பியது. நகத்தால் சுரண்டி, முந்தானையால் துடைத்தேன். உப்பைத் துடைக்கிறேன் என்று நினைத்திருப்பார்கள்.

போன கேபிள்களைத் திரும்ப வரவழைத்ததில் முப்பத்துமூன்றுதான் வந்தன, மற்றவை எங்கே போயின என்று தெரியவில்லை. எல்லாவற்றையும் தொங்கவிடச் சொன்னார்கள். நான்தான் தொங்கவிட்டேன். இருபத்தாறு பாறை மாதிரி நின்றன. ஏழு நழுவின. ராமபத்ரன் சார் மட்டும் சந்தேகப்பட்டார். "ஒரே கை, ஒரே வாரம். இது மட்டும் இப்படி, அது மட்டும் அப்படியா?" என்றார். நடுக்கம் ஒரு நாள் இருக்கும், ஒரு நாள் இருக்காது என்றேன். அவர் அதற்குமேல் கேட்கவில்லை. அன்று சாயங்காலமே மொய்து வேலையை விட்டான். அவன் வாய்திறந்து சொன்ன வாக்கு இருந்ததே.

அவனுக்கு இன்னொரு இடத்தில் வேலை கிடைக்கும் என்று நினைத்தேன் அல்லவா? கிடைக்கவில்லை. இரண்டு பேரைச் சாகடித்த கை என்று பெயர் வந்துவிட்டது. இப்போது கொப்பரை மூட்டை தூக்குகிறான். எதிரே என்னைப் பார்த்தால் மூட்டையோடு ஒதுங்கி வழிவிடுகிறான். ஜொஹரா பீவி நான் இருக்கும்போது குழாய்க்கு வருவதில்லை. இந்தத் தெருவில் எனக்குச் சேதி வராத ஒரே வீடு அதுதான்.

பாக்கியலக்ஷ்மி பதினாறாம் நாள் முடிந்து ஊருக்குப் போகும் முன் என் கையைப் பிடித்துக்கொண்டு அழுதாள். "எக்கா, நீங்க அப்பமே சொன்னியளே. மீதியை யாரு பாத்தான்னு கேட்டியளே. ஒருத்தரும் காதுல போட்டுக்கிடலியே" என்றாள். அன்று குழாயடியில் எனக்கு முதல் குடம் விட்டார்கள். அதற்குப் பிறகு இந்த மூன்று வருஷமும் எனக்குத்தான் முதல் குடம். நான் கேட்டு வாங்கியதில்லை. மத்தி வாங்குவதை நிறுத்திவிட்டேன். வாசனை வந்தாலே வாய் தானாக அறுபது எண்ணத் தொடங்கிவிடுகிறது, தூக்கத்திலும் எண்ணுகிறேனாம். பக்கத்து வீட்டுக்காரி சொன்னாள். இது தண்டனைதான் என்று வைத்துக்கொள்ளலாம், இல்லையா?

நீங்கள் கொண்டுவந்த இந்தக் கேபிள் எந்தப் படகிலிருந்து வந்தது என்று சொன்னீர்கள். அதில் யாருக்கும் ஒன்றும் ஆகவில்லை, வேறொரு படகு இழுத்துவந்துவிட்டது என்றும் சொன்னீர்கள். கேட்டு எவ்வளவு நிம்மதியாக இருந்தது தெரியுமா? ஆகவே எழுதிக்கொள்ளுங்கள். பன்னிரண்டையும் இழுத்துக் கெடுத்தது சீனியம்மாள். மொய்துவின் கைக்கு அன்றைக்கும் ஒன்றுமில்லை, இன்றைக்கும் ஒன்றுமில்லை. கிளாஸ் சுட்டது. இரண்டு உயிரும் என் கையால் போயின. கையெழுத்துப் போட வேண்டிய இடத்தைக் காட்டுங்கள், நான் போட்டுப் பழகியவள்.

பன்னிரண்டில் ஏழு இங்கே வெட்டுப்பட்டன. ஒன்று சங்கிலிப்பாண்டியோடு போனது. ஒன்று இதோ உங்கள் கையில் இருக்கிறது. மீதி மூன்று எந்தப் படகுகளில் இருக்கின்றன என்று எனக்குத் தெரியாது. அடுத்த வாரம் மழை தொடங்கிவிடும். உங்களிடம் சொல்லிவிட்டேன், சார். குழாயடியிலும் நாளைக் காலை ஐந்தரைக்குச் சொல்லிவிடுகிறேன். அந்த மூன்றில் ஒன்றால் ஏதாவது ஆகிவிட்டால், சீனியம்மாள் முன்கூட்டியே சொல்லவில்லை என்று ஒருவரும் என்னைப் பேசக் கூடாது.